போன்ல தெரியுற நம்பர நம்பலாமா? நம்பர் ஸ்பூஃபிங்னா என்ன, எப்படித் தப்பிக்கிறது

கம்பம், கூடலூர், குமுளி பக்கம் இருக்கவங்க போன வாங்கிப் பாத்தீங்கன்னா பாதி தமிழ்நாட்டு நம்பரு, பாதி கேரளா நம்பரு. 9443ன்னு ஆரம்பிச்சா நம்ம பக்கத்து பிஎஸ்என்எல், 9447ன்னா மேல கேரளா பிஎஸ்என்எல், 04554ன்னா கம்பம் லேண்ட்லைன், 04869ன்னா குமுளி லேண்ட்லைன், இப்படி நம்பரப் பாத்ததுமே எந்த ஊர்க்காரன் கூப்பிடுறான்னு சொல்லிருவாங்க பழைய ஆளுக. ஏலக்கா யாவாரத்துல இருக்கவங்க இதுல ரொம்பக் கெட்டிக்காரங்க. அந்தக் கணக்கு பாதி அப்பவே போயிருச்சு, ஏன்னா நம்பர மாத்தாம கம்பெனி மாறுற வசதி 2011ல வந்துச்சு, 2015 ஜூலைல இருந்து ஸ்டேட் விட்டு ஸ்டேட் போனாலும் அதே நம்பர வச்சுக்கலாம்னு ஆச்சு. இப்ப மீதிப் பாதியும் போச்சு. ஸ்கிரீன்ல தெரியுற நம்பர்ங்கறது கூப்பிடுற பக்கத்துல இருந்து எழுதி அனுப்புற ஒரு தகவல், அவ்வளவுதான். அத மாத்தி எழுதி அனுப்புனா உங்க போன் மாத்தி எழுதுனதத்தான் காட்டும். இதுக்குப் பேருதான் நம்பர் ஸ்பூஃபிங்.

எப்படி இவ்வளவு சுளுவா மாத்த முடியுதுன்னு கேப்பீங்க. புத்தடி ஏலத்துக்கோ போடி ஏலத்துக்கோ போற ஏலக்கா மூட்டைய நெனச்சுக்கங்க. மூட்டை மேல தோட்டத்து மார்க்கு போட்டிருக்கும், அத போட்டது தோட்டத்து ஸ்டோர்ல இருந்த ஆளு. வழியில ஏத்தி எறக்குறவங்க அந்த மார்க்க மட்டும் பாத்து அடுத்த எடத்துக்கு அனுப்பி விடுவாங்க, எவனும் தோட்டத்துக்குப் போன் போட்டு "இது உங்க மூட்டைதானா"ன்னு கேக்க மாட்டான். போன் காலும் இப்படித்தான் போகுது. ஒரு கம்பெனி நெட்வொர்க்ல இருந்து இன்னொரு கம்பெனிக்கு கால் போறப்ப, பேச்சுக்கு முன்னாடியே ஒரு சின்ன மெசேஜ் போகும், "இந்த நம்பருக்கு கால், கூப்பிடுறது இந்த நம்பரு"ன்னு. அந்த மெசேஜ் எப்படிப் போகணும்னு உலகம் பூரா ஒத்துக்கிட்ட முறைக்கு எஸ்எஸ்7னு பேரு, 1970கள்ல உருவாக்குனது. அப்பல்லாம் ஒரு நாட்டுல டெலிபோன் கம்பெனின்னா ஒன்னோ ரெண்டோ தான், பாதிக்கு மேல அரசாங்கத்தோடது, அதனால அனுப்புறவனே பொய் சொல்லுவான்னு யாரும் யோசிக்கல, சரிபாக்குற ஏற்பாடும் வைக்கல. பின்னாடி இன்டர்நெட் வழியா கால் போடுற விஓஐபி வந்துச்சு பாருங்க, அதுல கூப்பிடுறவன் நம்பர்ங்கறது சாஃப்ட்வேர்ல ஒரு கட்டம், அதுல என்ன அடிக்கிறோமோ அது போகும், இடையில இருக்க கம்பெனிக்காரன் கண்டுக்காம விட்டா நேரா உங்க போன் வரைக்கும் வந்து நிக்கும்.

ஒரேடியா தடை பண்ணித் தொலைக்க வேண்டியதுதானன்னு தோணும். ஆனா நியாயமான உபயோகமும் இருக்கே. பெரிய ஆஸ்பத்திரின்னா உள்ள எத்தனையோ எக்ஸ்டென்ஷன் இருக்கும், எந்த டேபிள்ல இருந்து கூப்பிட்டாலும் மெயின் நம்பர்தான் உங்களுக்குத் தெரியும், அப்படித் தெரியிறதுதான் நமக்கும் நல்லது. துபாய்க்குப் போன பையன் இந்திய சிம்ம ரோமிங்ல போட்டு வீட்டுக்குப் பேசுனா, கால் வர்றது வெளிநாட்டு நெட்வொர்க்ல இருந்து, காட்டுறது +91 நம்பரு, அதுல பொய் ஒன்னும் இல்ல. வர்றதுல எது பொய் எது நெசம்னு பிரிக்கிறதுதான் கஷ்டமே.

இதுல ரொம்பப் பேருக்குத் தெரியாத சங்கதி ஒன்னு. கால் வர்றப்ப "மேனேஜர் சார்", "பெரியப்பா"ன்னு பேரு வருதுல்ல, அந்தப் பேர காட்டுறது நெட்வொர்க் இல்ல, உங்க போனுதான். வந்த நம்பரையும் நீங்க சேவ் பண்ணி வச்ச நம்பரையும் போன் ஒப்பிட்டுப் பாக்கும், ஒத்துப்போச்சுன்னா சேவ் பண்ண பேரையும் போட்டோவையும் தூக்கி முன்னாடி காட்டிரும். வந்த நம்பரே பொய்ன்னா, பொய்க்கு மேல நம்ம போனே நம்ம கையால ஒரு முத்திரை குத்திக் கொடுக்குது.

எங்க சின்னம்மாவுக்கு இப்படித்தான் ஒரு கால். அவுங்க போன்ல பேங்கு பிராஞ்ச் நம்பர "பேங்கு ஆபீஸ்"னு சேவ் பண்ணிக் கொடுத்திருந்தோம், நகைக்கடன் வட்டி கட்டுற விஷயமா அங்கருந்து ஒரு பொண்ணு அப்பப்ப பேசும். அன்னைக்கு பேசுனது ஒரு ஆம்பளக் குரலு.

"அம்மா, உங்க நகைக்கடனுக்கு கேஒய்சி முடிஞ்சு போச்சு. இன்னைக்குள்ள அப்டேட் பண்ணலேன்னா நகை ஏலத்துக்குப் போயிரும்."

"எப்பயும் ஒரு புள்ள பேசுமே, அது இல்லையாப்பா?"

"அவுங்க லீவும்மா. நீங்க வேணும்னா நம்பரப் பாருங்க, நம்ம பிராஞ்ச் நம்பர்தான வருது? இப்ப ஒரு ஓடிபி வரும், அத மட்டும் சொல்லுங்க."

சின்னம்மா படிச்சவுங்க இல்ல. ஆனா சந்தையில யாவாரம் பாத்தவுங்க. "நம்பரு சரிதான்யா, நான் நாளைக்கு நேர்ல வந்தே பண்ணிக்கிறேன்"னு சொல்லியிருக்காங்க, அவ்வளவுதான், அந்தாளு குரலு மாறிப்போச்சு, நகை போனா எங்கள கேக்காதீங்கன்னு ஏறிப் பேச ஆரம்பிச்சுட்டான். இவுங்க வச்சுட்டு, அதே "பேங்கு ஆபீஸ்" நம்பர அமுக்கிக் கூப்பிட்டாங்க. எடுத்தது அந்தப் பொண்ணு. "இல்லம்மா, நாங்க யாரும் இன்னைக்கு உங்களக் கூப்பிடலையே, நான் லீவுலயும் இல்ல"ன்னு சொல்லிருச்சு.

இங்க ரெண்டு விஷயம் கவனிக்கணும். முதலாவது, நெசமா பேங்குல இருந்து பேசுறவங்க "நம்பரப் பாருங்க"ன்னு சொல்லவே மாட்டாங்க, அதுக்கு அவுங்களுக்கு அவசியமே இல்ல. எவன் நம்பரச் சாட்சிக்கு இழுக்குறானோ அவன் நம்பர மாத்திட்டு வந்தவனா இருக்க வாய்ப்பு அதிகம். ரெண்டாவதுதான் இந்தக் கட்டுரையில நான் சொல்ல வந்ததே: உள்ள வர்ற கால்ல நம்பர் பொய்யா இருக்கலாம், ஆனா நீங்க வெளிய போடுற கால் அந்த நம்பரோட நெச சொந்தக்காரருக்குத்தான் போகும். ஏன்னா நீங்க டயல் பண்றப்ப நெட்வொர்க் அந்த நம்பரு எந்தக் கம்பெனியில இருக்கு, அந்த சிம் இப்ப எந்த ஏரியாவுல இருக்குன்னு ரெக்கார்டுல தேடிப் பாத்து அங்க கொண்டு போய்ச் சேக்குது. கூப்பிடுறவன் நம்பரா பொய்ய எழுத முடிஞ்சவனால, அந்த நம்பருக்குப் போற கால தன் பக்கம் இழுத்துக்க முடியாது. அதனால சந்தேகம் வந்தா பேச்சுல அவன மடக்கணும், குறுக்குக் கேள்வி கேட்டுக் கண்டுபிடிக்கணும்னு எல்லாம் மெனக்கெட வேணாம். வச்சுட்டு, நீங்க கூப்பிடுங்க.

எந்த நம்பருக்குக் கூப்பிடணும்ங்கறது முக்கியம். கால் ஹிஸ்டரில இருக்கத அமுக்கக் கூடாது, பாஸ்புக்குலயோ ஏடிஎம் கார்டு பின்னாடியோ கரண்ட் பில்லுலயோ அச்சடிச்சிருக்கத பாத்து அடிக்கணும். சின்னம்மா விஷயத்துல சேவ் பண்ண நம்பரே சரியான நம்பரா இருந்ததால தப்பிச்சது, எல்லா நேரமும் அப்படி இருக்காது. ஏன்னு சொல்றேன், திருட்டுக் கால்ல மூணு ரகம் இருக்கு, நம்மாளுக மூணையும் ஒன்னாப் போட்டுக் கொழப்பிக்கிறாங்க.

ஒன்னு, இப்ப சொன்ன அசல் ஸ்பூஃபிங். திருப்பிக் கூப்பிட்டா ஒன்னும் தெரியாத ஒரு அப்பாவி எடுப்பாரு, "நான் கூப்பிடலையே"ம்பாரு. இன்னொன்னு சிம் பாக்ஸ். வெளிநாட்டுல இருந்து இன்டர்நெட்ல வர்ற கால இங்க ஒரு ரூமுக்குள்ள ஒரு பொட்டியில நெறய சிம்ம சொருகி வச்சு லோக்கல் காலா மாத்தி விடுவாய்ங்க, 2021ல கோழிக்கோட்டுல இந்த மாதிரி கள்ள எக்ஸ்சேஞ்சுகள போலீஸ் பிடிச்சது பெரிய செய்தியா வந்துச்சு. இதுல தெரியுற நம்பர் நெசமான இந்திய சிம்முதான், யாரோ ஒரு பாவப்பட்ட மனுசன் ஆதார்ல வாங்குனதா இருக்கும், திருப்பிக் கூப்பிட்டா பெரும்பாலும் மணியே அடிக்காது. மூணாவதுல நம்பர் மோசடியே கெடையாது, பேருதான் மோசடி. வாட்ஸப்புல போலீஸ் தொப்பி போட்ட போட்டோ வச்சுக்குவான், இல்ல ட்ரூகாலர்ல "எஸ்பிஐ ஹெட் ஆபீஸ்"னு பேரு வர்ற மாதிரி பண்ணிக்குவான். ட்ரூகாலர்ல வர்ற பேரு ஜனங்க எப்படி எப்படி சேவ் பண்ணி வச்சிருக்காங்க, அவனவன் என்ன பேரு கொடுத்திருக்கான்ங்கறத வச்சு வர்றது, அது அடையாள அட்டை இல்ல. இந்த மூணாவது ரகத்துல ஹிஸ்டரில இருக்க நம்பருக்குத் திருப்பிக் கூப்பிட்டா நேரா திருடனே எடுப்பான், "ஆமாங்க, பேங்குதான், சொல்லுங்க"ம்பான். இதுக்குத்தான் அச்சடிச்ச நம்பரப் பாத்து அடிங்கன்னு சொல்றது. கூகுள்ல "கஸ்டமர் கேர்"னு தேடி மொதல்ல வர்ற நம்பருக்கு அடிக்கிறதும் ஆபத்துதான், அங்கயும் போலி நம்பரப் போட்டு வச்சுக் காத்திருக்காய்ங்க.

சரி, அரசாங்கம் என்ன பண்ணுதுன்னா, கொஞ்சம் பண்ணியிருக்கு, சும்மா சொல்லக் கூடாது. வெளிநாட்டுல இருந்து வர்ற கால் +91 நம்பரோட வந்தா, அந்த நம்பரோட கம்பெனிகிட்ட "இந்த சிம் இப்ப நெசமாவே வெளிநாட்டுல ரோமிங்ல இருக்கா"ன்னு கேட்டு, இல்லேன்னா வாசல்லயே வெட்டி விடுற ஏற்பாட்ட 2024 அக்டோபர் 22ஆம் தேதி தொடங்குனாங்க. மொத 24 மணி நேரத்துல மட்டும் 1.35 கோடி கால வெட்டுனதா தொலைத்தொடர்புத் துறையே சொல்லுச்சு, அப்படி +91ஓட வெளிய இருந்து வந்த கால்கள்ல அது 90 சதவீதம். யோசிச்சுப் பாருங்க, அதுக்கு முந்துன நாள் வரைக்கும் அம்புட்டும் நம்ம வீடுகளுக்குத்தான் வந்துக்கிட்டு இருந்துச்சு. கேரளாவுல வீட்டுக்கு ஒருத்தர் கல்ஃப்ல இருக்கப்ப இந்த ரோமிங் சோதனை இல்லாம ஒட்டுமொத்தமா வெட்டியிருந்தா அத்தன வீட்டுக் காலும் போயிருக்கும்.

அதுக்கப்புறம் பயலுக ரூட்ட மாத்திட்டாய்ங்க, பொய் +91 வராதுன்னதும் நேரா வெளிநாட்டு நம்பர்லயே கூப்பிடுறது, வாட்ஸப்புக்குப் போயிடுறது, சிம் பாக்ஸ் போடுறதுன்னு. அதனால +91 இல்லாம +77, +84, +86ன்னு எதுல ஆரம்பிச்சு வந்து எவனாவது கஸ்டம்ஸ், சிபிஐ, போன் கம்பெனிகளக் கண்காணிக்கிற டிராய்னு பேசுனா யோசிக்கவே வேணாம், வச்சுருங்க. சில கம்பெனி நெட்வொர்க்ல இந்த மாதிரி காலுக்கு "இன்டர்நேஷனல் கால்"னே காட்டுது. அமெரிக்காவுல வேற வழி, காலோட ஒரு டிஜிட்டல் கையெழுத்து போகணும்னு பெரிய கம்பெனிகளுக்கு 2021 ஜூன் 30 வரைக்கும் கெடு வச்சாங்க, ஸ்டிர் ஷேக்கன்னு அதுக்குப் பேரு. அங்கயும் தொல்ல முழுசா ஒழியல.

இங்க இன்னொரு ஏற்பாடு 1600. பேங்க், இன்சூரன்ஸ் மாதிரி எடங்களும் அரசு ஆபீஸுகளும் கணக்கு சம்பந்தமா கூப்பிட 1600ல ஆரம்பிக்கிற நம்பர ஒதுக்கியிருக்காங்க, விளம்பரத்துக்கு 140. கணக்கு விஷயத்துக்கு 1600லதான் கூப்பிடணும்னு ரிசர்வ் பேங்க் 2025 ஜனவரியில பேங்குகளுக்குச் சொல்லிருச்சு. அதனால சாதா பத்து டிஜிட் மொபைல் நம்பர்ல இருந்து "பேங்குல இருந்து பேசுறேன்"னா அப்பவே காத விடைச்சுக்கங்க. ஆனா என் கருத்து என்னன்னா 1600ன்னு தெரிஞ்சாலும் ஓடிபி, பின் நம்பர் கேட்டா கொடுக்கக் கூடாது, ஏன்னா அதுவும் ஸ்கிரீன்ல தெரியுற நம்பர்தான. சிம் வாங்குனப்ப கொடுத்த பேரே ஸ்கிரீன்ல வர்ற சிஎன்ஏபிங்கற ஏற்பாட்டையும் கொண்டு வர்றாங்க, நல்ல விஷயம், ஆனா அந்தப் பேரும் நம்பர வச்சுத்தான் தேடி எடுக்குறது, நம்பர் பொய்ன்னா பேரும் பொய்.

இப்ப நம்ம பக்கத்துக்குன்னே இருக்க ஒரு பிரச்சினை. காலைல ஜீப்புல ஏறி கம்பம்மெட்டு வழியாவோ குமுளி வழியாவோ ஏலத்தோட்டத்துக்கு வேலைக்குப் போறவங்க வீட்ட நெனச்சுப் பாருங்க. பகல் பூரா மேல பாதி எடத்துல சிக்னல் இருக்காது. அந்த நேரமாப் பாத்து ஒரு கால், மலையாளம் கலந்த தமிழ்ல, "ஸ்டேஷன்ல இருந்து விளிக்கிறேன், ஜீப்பு ஒராள இடிச்சிட்டுது, உங்க மகன இங்க பிடிச்சு வச்சிருக்கு, கேஸாக்காம விடணும்னா இப்ப காசு அனுப்புங்க"ன்னு. நம்பர் 04869ன்னு ஆரம்பிக்குது. மகனுக்குக் கூப்பிட்டா "தொடர்பு எல்லைக்கு வெளியே". இப்ப நான் சொன்ன "திருப்பிக் கூப்பிடுங்க"ங்கற வைத்தியம் இங்க பாதிதான் வேலை செய்யும். அதனால முன்கூட்டியே ஒரு ஏற்பாடு வேணும். தோட்டத்து கங்காணி நம்பர், ஜீப்பு டிரைவர் நம்பர், ஸ்டோர் வாட்ச்மேன் நம்பர், இத பேப்பர்ல எழுதி வீட்டுல ஒட்டி வைங்க, மகனுக்குக் கெடைக்கலேன்னா இதுல யாராவது ஒருத்தருக்குக் கெடைக்க வாய்ப்பு அதிகம். ஸ்டேஷன்ல இருந்துன்னு சொன்னா அந்த ஸ்டேஷன் நம்பர போலீஸோட வெப்சைட்டுல பாத்து நீங்களே கூப்பிடுங்க, இல்ல 112 அடிச்சுக் கேளுங்க. போலீஸு ஜிபேல காசு கேக்காது, கேஸ விடுறதுக்கு காசு கேக்குறவன் போலீஸா இருந்தாலும் கொடுக்க வேண்டியதில்ல, அது வேற கத.

குரலு மகன் குரலாட்டமே இருந்துச்சுன்னா? அதுவும் வந்துருச்சு. 2023 ஜூலையில கோழிக்கோட்டுல ஒருத்தருக்கு வாட்ஸப் வீடியோ கால், பழைய கூட்டாளி மூஞ்சியே தெரியுது, ஆஸ்பத்திரி செலவுக்குன்னு 40,000 ரூபா கேட்டு வாங்கிட்டாய்ங்க, ஏஐ வச்சு செஞ்ச மூஞ்சி. அவரு கொஞ்ச நேரத்துல நெச கூட்டாளிக்கு அவரு நம்பர்லயே கூப்பிட்டுக் கேட்டுத்தான் விஷயமே வெளிய வந்துச்சு, புகார் கொடுத்து காசு போன அக்கவுண்டையும் மொடக்குனாங்க. அங்கயும் கண்டுபிடிச்சுக் கொடுத்தது வெளிய போட்ட கால்தான் பாருங்க. இந்த மாதிரிக்கு வீட்டுக்குள்ள ஒரு சொல்லு வச்சுக்கங்க, வெளியாளுக்குத் தெரியாத சொல்லு, தாத்தா வளத்த மொத மாட்டுப் பேரு மாதிரி. அவசரம்னு யாரு காசு கேட்டாலும் அந்தப் பேர கேளுங்க. பேஸ்புக்குல போட்ட பொறந்த நாளு, நாய்க்குட்டி பேரெல்லாம் ஆகாது.

வீடியோ கால்லயே உக்கார வச்சு "டிஜிட்டல் அரெஸ்ட்"னு மெரட்டுறது பத்தி நெறயப் பேரு சொல்லியாச்சு, 2024 அக்டோபர் 27 மன் கி பாத்ல பிரதமரே பேசுனாரு, சட்டத்துல அப்படி ஒரு அரெஸ்டே கெடையாதுன்னு. நான் அதுல நிக்கல.

எஸ்எம்எஸ் பத்தி கொஞ்சம். "இன்னைக்கு ராத்திரி 9.30க்கு உங்க கரண்ட் கட்டு, உடனே இந்த ஆபீஸருக்கு கூப்பிடுங்க"ன்னு வர்ற மெசேஜ் நம்ம பக்கம் ரெட்டைப் புள்ளையா வரும், ஒன்னு தமிழ்நாடு ஈபி பேர்ல, ஒன்னு கேஎஸ்ஈபி பேர்ல, சில வீட்டுல மேல தோட்டத்துல ஒரு கனெக்ஷன் கீழ வீட்டுக்கு ஒரு கனெக்ஷன் இருக்கதால எது நெசம்னு கொழப்பம் வேற. பத்து டிஜிட் மொபைல் நம்பர்ல இருந்து வந்தா பொய், அவ்வளவுதான் விஷயம். நெசமான கம்பெனி மெசேஜ் எழுத்துல வர்ற பேர்ல இருந்துதான் வரும், அதுவும் 2025 மே மாசத்துல இருந்து அந்தப் பேருக்குக் கடைசியில ஒரு கோடு போட்டு இங்கிலீஷ்ல ஒரு எழுத்து இருக்கும், பி வந்தா விளம்பரம், எஸ் சேவை, டி பணப் பரிவர்த்தனை, ஜி அரசாங்கம். சந்தேகம் இருந்தா கேரளா கனெக்ஷனுக்கு 1912, தமிழ்நாட்டுக்கு மின்னகம் 94987 94987, நீங்களே கூப்பிட்டுக் கேளுங்க. கள்ள டவர் பொட்டி வச்சு நேரா போனுக்கு மெசேஜ் தள்ளுற வேலையும் இருக்கு, அது பெரும்பாலும் பழைய 2ஜி வழியா வர்றது, ஆண்ட்ராய்டு போன் பலதுல செட்டிங்ஸ்ல 2ஜிய நிப்பாட்டி வைக்கலாம். ஆனா மேட்டுக்கு மேல 2ஜி மட்டும் கெடைக்கிற தோட்டத்துல இருக்கவங்க இத பண்ணிட்டு சிக்னல் இல்லன்னு அலையாதீங்க.

ஒரு ஓட்டைய அடைக்காம விட்டா மேல சொன்ன எல்லாமே வீணாப் போயிரும், அது கால் ஃபார்வர்டிங். "கூரியர் வந்திருக்கு, இந்த கோட அடிங்க", "உங்க நெட் ஸ்லோவா இருக்கு, இத அடிங்க"ன்னு *21* இல்லேன்னா *401* போட்டு பின்னாடி ஒரு நம்பரோட அடிக்கச் சொல்லுவாய்ங்க. அடிச்சா உங்களுக்கு வர வேண்டிய காலெல்லாம் அவன் போனுக்குப் போயிரும், கால்ல வர்ற ஓடிபி உட்பட. அப்பறம் உங்க அண்ணன் சந்தேகப்பட்டு உங்களுக்கே திருப்பிக் கூப்பிட்டாலும் எடுக்குறது அவனாத்தான் இருக்கும். இந்த கோடு வழியா ஃபார்வர்ட் பண்ற வசதிய 2024 ஏப்ரல் 15ல இருந்து நிறுத்தச் சொல்லி கம்பெனிகளுக்கு உத்தரவு போட்டாங்க, இருந்தாலும் *#21# அடிச்சுப் பாத்துக்கங்க, எதாவது நம்பரு காட்டுனா ##002# அடிச்சா எல்லா ஃபார்வர்டும் போயிரும். அதே மாதிரி வீட்டுல நல்லா சிக்னல் இருந்த எடத்துல திடீர்னு சிம் செத்துப் போய் ரொம்ப நேரம் வரலேன்னா, மலைக்காட்டுப் பழக்கத்துல "டவர் இல்ல போல"ன்னு விட்டுறாதீங்க, வேற எவனாவது உங்க நம்பர்ல டூப்ளிகேட் சிம் எடுத்திருக்கலாம், வேற போன்ல இருந்து கம்பெனிக்குக் கூப்பிட்டுக் கேளுங்க.

இதுல நீங்களே அந்த அப்பாவியா ஆகுறதும் நடக்கும். முன்னப் பின்னத் தெரியாதவங்க கூப்பிட்டு "எதுக்குய்யா லோன் தர்றேன்னு கூப்பிட்ட", "நீதான ஓடிபி கேட்ட"ன்னு வையுவாங்க. யாரோ உங்க நம்பர எழுதி கால் விட்டிருக்கான்னு அர்த்தம், உங்க போன யாரும் ஹேக் பண்ணல, போன அழிச்சு ரீசெட் பண்றதால ஒன்னும் ஆகாது, ஏன்னா அந்தக் கால் உங்க போன் வழியாவே போகல. வையுறவங்ககிட்ட "என் நம்பர யாரோ போலியா காட்டுறாங்க, இன்னொரு தடவ வந்தா புகார் கொடுங்க"ன்னு மரியாதையாச் சொல்லிட்டு வச்சுருங்க. தொலைத்தொடர்புத் துறையோட சஞ்சார் சாத்தி ஆப் இருக்கு, 2025 ஜனவரியில வந்தது, அதுல போய் உங்க பேர்ல எத்தனை சிம் ஓடுதுன்னு பாருங்க, ஒரு ஆளுக்கு 9 வரைக்கும்தான் அனுமதி, நீங்க வாங்காத நம்பர் அதுல இருந்தா "இது என்னோடது இல்ல"ன்னு அங்கயே அமுக்கி விடலாம். சந்தேகமான கால், மெசேஜ் வந்தா புகார் கொடுக்குற சக்ஷூவும் அதுக்குள்ளயேதான் இருக்கு, வெளிநாட்டுல இருந்து இந்திய நம்பர் காட்டி வந்த காலுக்குத் தனியா ஒரு எடமும் வச்சிருக்காங்க. நம்பர் அடையாளத்த திருத்துறது 2023 டெலிகம்யூனிகேஷன்ஸ் ஆக்ட்படி 3 வருஷம் வரைக்கும் ஜெயிலு, இல்ல 50 லட்சம் வரைக்கும் அபராதம், இல்ல ரெண்டும். பிடிச்சாத்தான்.

காசு போயிருச்சுன்னா சொந்தக்காரங்ககிட்ட சொல்லி அழுகுறதுக்கு முன்னாடி 1930 அடிங்க, சைபர் மோசடிக்குன்னே இருக்க அரசாங்க ஹெல்ப்லைன் அது. காசு ஒரு அக்கவுண்டுல இருந்து அடுத்ததுக்குத் தாவிக்கிட்டே போகும், அது வெளிய எடுக்கப்படுறதுக்குள்ள சொன்னாத்தான் வழியில நிப்பாட்ட முடியும், அதனால வெக்கப்பட்டு ராத்திரி பூரா யோசிச்சு காலைல சொல்லலாம்னு இருந்தா பெரும்பாலும் வேலைக்கு ஆகாது. சைபர்கிரைம் டாட் கவ் டாட் இன் சைட்டுலயும் போட்டுருங்க, பேங்குக்கும் தனியா சொல்லிருங்க. நம்ம பார்டர்க்காரங்களுக்கு இருக்க கூடுதல் தலவலி, சிம் கேரளாவுல வாங்குனது, பேங்கு தமிழ்நாட்டுல, கால் வந்தப்ப இருந்தது தோட்டத்துல, எந்த ஸ்டேஷனுக்குப் போறதுன்னு. எங்க வேணா போகலாம். 2024 ஜூலை 1ல இருந்து நடைமுறைக்கு வந்த புது சட்டத்துலயே, குற்றம் எங்க நடந்திருந்தாலும் எந்த ஸ்டேஷன்லயும் புகார் கொடுக்கலாம்னு இருக்கு, ஜீரோ எஃப்ஐஆர்னு சொல்லிக் கேளுங்க, அங்கிட்டுப் போ இங்கிட்டுப் போன்னு அலைய விட்டா இத எடுத்துச் சொல்லுங்க. பாஸ்புக் ஜெராக்ஸ், 1930ல கொடுத்த புகார் நம்பர், காசு போன மெசேஜோட ஸ்கிரீன்ஷாட் இதெல்லாம் கையில இருக்கட்டும். கோவத்துல அந்த நம்பர பிளாக் பண்ணி கால் ஹிஸ்டரிய அழிச்சுப்புடாதீங்க, நம்பர் பொய்யா இருந்தாலும் கால் வந்த நேரம் பொய் இல்ல, அந்த நேரத்த வச்சுத்தான் அது நெசமா எந்த நெட்வொர்க் வழியா உள்ள வந்துச்சுன்னு கம்பெனி ரெக்கார்டுல தேடுவாங்க.